நாலு வளையம்

என் நாத்தனாருக்கு ஆந்தை என்று பெயர் வைத்தவள் நான்தான். மருமகளாக அந்த வீட்டுக்குள் நான் நுழைந்த அன்று, கதவோரம் நின்றுகொண்டு என்னை இமைக்காமல் பார்த்தாள். அப்போது அவளுக்குப் பதினாலு வயது. "என்னடி, ஆந்தை மாதிரி முழிக்கிற?" என்றேன். "நீங்க பயந்துபோய் இருக்கீங்க அண்ணி, அதான் பார்த்துட்டு இருந்தேன்" என்றாள். அன்றிலிருந்து வீட்டில், தெருவில், பிறகு வேலை பார்த்த இடத்தில், எல்லோருக்கும் அவள் ஆந்தைதான். அந்தக் கண்ணை வைத்துத்தான் பிழைத்தாள். அந்தக் கண்ணை வைத்துத்தான் அவளைச் சீரழித்தார்கள். இதைச் சாந்தமாகச் சொல்ல என்னால் முடியாது. சாந்தமாகத்தான் கேட்பேன் என்கிறவர்கள் கம்பெனி அச்சடித்துத் தருகிற வழவழப்பான புத்தகத்தைப் படித்துக்கொள்ளட்டும்.

இரண்டு பேருக்கும் ஒரே தொழிற்சாலையில் வேலை. மருந்து ஊற்றுகிற கண்ணாடிப் பாட்டில் செய்யும் இடம். உலையும் அச்சும் ஆண்கள் பக்கம். பாட்டில் ஆறி பெல்ட்டில் ஏறியதும் எங்கள் பக்கம் வரும். நீளமான அறை, ஜன்னல் கிடையாது. ஒவ்வொரு நாற்காலிக்கு எதிரிலும் வெள்ளை வெளிச்சம் அடிக்கிற ஒரு பலகை. அதற்கு முன்னால் பாட்டில்கள் ஒன்றன்பின் ஒன்றாக நகரும், நிமிடத்துக்கு அறுபது. விரிசல், குமிழ், வாயில் உடைசல் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். பழுதானதை விரலால் ஒதுக்கித் தள்ள வேண்டும். வேலை அவ்வளவுதான். கேட்பதற்கு ஒன்றுமே இல்லாத மாதிரி இருக்கும். உட்கார்ந்து பார்த்தால்தான் தெரியும்.

அங்கே உட்காருகிறவர்களுக்கு நாளாக ஆக ஒன்று நடக்கும். நாங்கள் அதை முழுகுவது என்போம். அது தூக்கம் இல்லை, மயக்கமும் இல்லை. கை வேலை செய்யும், கண் வேலை செய்யும், ஒரு பழுதுகூடத் தப்பாது. ஆனால் நேரம் என்ற ஒன்று ஆளைவிட்டுக் கழன்று விழுந்துவிடும். எனக்கும் வந்திருக்கிறது, அதனால் சொல்கிறேன். முதலில் பாட்டில்களுக்கு நடுவே இருக்கும் இடைவெளி மறையும். பிறகு போன பாட்டிலும் வரப்போகும் பாட்டிலும் கண்ணெதிரே இருக்கிற பாட்டிலும் ஒரே பாட்டிலாகிவிடும். அப்புறம் என்று ஒன்று இருக்காது. முன்னாடி என்றும் இருக்காது. வீட்டுச் சண்டை, முதுகு வலி, நாளைக்கு என்ன சமைப்பது என்ற கவலை, எல்லாம் நேரத்தில் மாட்டித் தொங்குபவைதானே. ஆணியைப் பிடுங்கிவிட்டால் அவை எங்கே தொங்கும்? நாலு மணி நேரம் கழித்து எழுந்தாலும் இப்போதுதான் உட்கார்ந்த மாதிரி இருக்கும். சுகம்தான். இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன்.

எங்கள் எல்லோரையும்விட ஆந்தை சீக்கிரம் முழுகுவாள், ஆழமாகவும் முழுகுவாள். அவளைக் கட்டியவன் கப்பலில் வேலை பார்க்கிறான், வருடத்துக்கு ஒரு தடவை முகத்தைக் காட்டுவான். அவன் இல்லாத நாட்களை அவள் அந்த நாற்காலியில் போட்டுத் தொலைத்தாள் என்றுதான் நான் நினைக்கிறேன். வயிற்றில் பிள்ளையோடு வேலைக்கு வந்த நாட்களில், "முழுகாம இருக்கிறவ வீட்டுல இருப்பா, இவ இங்க வந்து முழுகுறா" என்று கேலி செய்வோம். அவளும் சேர்ந்து சிரிப்பாள்.

முழுகினவளுக்கு மணி அடிப்பது கேட்காது. காதுக்குள் போய்க் கத்தினாலும் கேட்காது. அதனால் ஜோடி ஜோடியாக உட்காருவோம். ஒருத்தி முழுகினால் அடுத்தவள் முழுகக் கூடாது. மணிக்கட்டில் இறுக்கமாக ரப்பர் பேண்ட் போட்டு, அதைச் சுண்டிச் சுண்டி விழித்திருப்பாள். இடைவேளை மணி அடித்ததும் ஜோடிக்காரியின் முதுகில், இரண்டு தோள்பட்டைக்கும் நடுவில், உள்ளங்கையால் மூன்று தட்டு. அவள் மேலே வந்துவிடுவாள். இடைவேளைக்குப் பிறகு முறை மாறும். ஜோடியைத் தவிர வேறு யாரும் தட்டக் கூடாது. பழகாத கை பட்டு அலறிக்கொண்டு எழுந்த ஒருத்தி பெல்ட்டில் மோதிப் பல்லை உடைத்துக்கொண்டிருக்கிறாள். உட்காரும் முன் "தட்டிடுவியா?" என்று கேட்க வேண்டும். "தட்டிடுவேன்" என்று பதில் வர வேண்டும். இதை எந்த அதிகாரியும் எங்களுக்குச் சொல்லித் தரவில்லை. எங்களுக்கு முன்னால் அந்த நாற்காலிகளில் உட்கார்ந்த பெண்கள் பட்டுத் தெரிந்துகொண்டது.

ஆந்தைக்கு ஜோடி நான். பன்னிரண்டு வருடம் அவள் முதுகில் தட்டியிருக்கிறேன்.

பிறகு வெண்ணெய் வந்தான். புது சூப்பர்வைசர். திட்ட மாட்டான், குரலை உயர்த்த மாட்டான், "வாங்கம்மா, போங்கம்மா" என்றுதான் பேசுவான். வெண்ணெய் என்ற பெயர் முதல் வாரத்திலேயே ஒட்டிக்கொண்டது. அவன் எங்களை ஒரு மாதம் சும்மா நின்று பார்த்தான். முழுகினவள் களைப்பதில்லை, கழிவறைக்குப் போவதில்லை, பக்கத்தில் பேசுவதில்லை என்று கண்டுபிடித்தான். மறு மாதம் சுவர்க் கடிகாரத்தைக் கழற்றினான். "கண்ணுக்கு இடைஞ்சல்மா, உங்க நல்லதுக்குத்தான்" என்றான். அதற்கடுத்த மாதம், விழித்திருக்க ஒருத்தி எதற்கு, ரெண்டு பேரும் முழுகலாமே என்றான். நாங்கள் எல்லோரும் எழுந்து நின்று கத்தினோம். "சரிம்மா, சரிம்மா, உங்க இஷ்டம்" என்று சிரித்துக்கொண்டே போனான். நாங்கள் ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தோம். எங்களைப் போல முட்டாள்கள் உண்டா?

அந்த நாளுக்கு வருகிறேன். என் வீட்டுக்காரர் மெக்கானிக். ஜாக்கி நழுவி வண்டி காலில் இறங்கியதில் எலும்பு முறிந்து கட்டுப்போட்டு வீட்டில் இருந்தார். ஆந்தையின் பெண் குழந்தைக்கு அப்போது ஐந்து மாதம். நாங்கள் வேலைக்குப் போகும்போது தாய்மாமன்தான் காலை நீட்டிக்கொண்டு குழந்தையைப் பார்த்துக்கொள்வார். ஆந்தை காலை ஐந்தரைக்குப் பால் கொடுத்துவிட்டுக் கிளம்புவாள். பத்து மணி இடைவேளையில் நான் தட்டி எழுப்புவேன், பாலைப் பீய்ச்சிப் பாத்திரத்தில் எடுத்து வைப்பாள். முதல் நாள் எடுத்த பாலை அவர் ஸ்பூனில் கொடுத்துச் சமாளிப்பார். ரெண்டு மணிக்கு ஷிஃப்ட் முடிந்ததும் ஓட்டமும் நடையுமாக வீட்டுக்கு வந்துவிடுவாள்.

அன்றைக்கு அவருக்குக் கட்டுப் பிரிக்க வேண்டும். நான் லீவு போட்டேன். "எனக்கு யாரு அண்ணி ஜோடி?" என்று கேட்டாள். "யாரும் இல்லன்னா முழுகாம உட்காரு, ஒரு நாள் கொட்டாவி விட்டா செத்துற மாட்ட" என்றேன். போன இடத்தில் வெண்ணெய் என் நாற்காலியில் வந்து உட்கார்ந்திருக்கிறான். "நான் இருக்கேன்மா, நீங்க நிம்மதியா பாருங்க" என்றிருக்கிறான். இவள், எங்கள் வழக்கப்படி, "தட்டிடுவீங்களா சார்?" என்று கேட்டிருக்கிறாள். அவன், எங்கள் வழக்கப்படியே, "தட்டிடுவேன்மா" என்றிருக்கிறான். அந்த வார்த்தையை நம்பித்தான் அவள் போனாள். அந்த அறையில் அதுவரை ஒருத்தரும் அந்த வார்த்தையைச் சொல்லிவிட்டுத் தட்டாமல் இருந்ததில்லை.

நாங்கள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய், கட்டுப் பிரித்து, மதியத்துக்குள் திரும்பிவிட்டோம். இரண்டு மணி ஆயிற்று, மூன்று மணி ஆயிற்று, ஆந்தை வரவில்லை. தொழிற்சாலை கேட்டுக்குப் போன் செய்தேன். "ரெண்டாவது ஷிஃப்டும் பார்க்கிறாங்களாம், அவங்களே ஒத்துக்கிட்டாங்களாம்" என்றார் வாட்ச்மேன். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. பெற்ற பிள்ளையை என் தலையில் கட்டிவிட்டு முழுகிக் கிடக்கிறாளே என்று வாய்க்கு வந்தபடி திட்டினேன். குழந்தை கத்தியது. மாவுப்பால் வாங்கி வந்து கரைத்துக் கொடுத்தால் துப்பியது. நான் அதன் அம்மாவை இன்னும் திட்டினேன். நாலு மணி நேரம் தப்பான ஆளைத் திட்டிக்கொண்டிருந்தேன் என்பதை நினைத்தால் இன்றைக்கும் என் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

குழந்தைக்குக் குரல் கம்மிப்போனதும்தான் எனக்குப் பயம் வந்தது. தூக்கிக்கொண்டு பஸ் ஏறினேன். கேட்டில் குழந்தையோடு உள்ளே விட மாட்டேன் என்றார் வாட்ச்மேன். "அப்ப நீங்களே வெச்சுக்குங்க" என்று அவர் கையில் திணித்துவிட்டு உள்ளே ஓடினேன். அப்போது மணி ஏழு.

நாற்காலியில் இருந்தாள். கண் விரிந்திருந்தது. கை பாட்டிலைப் பார்த்துப் பார்த்து ஒதுக்கிக்கொண்டிருந்தது. உட்கார்ந்தபடியே சிறுநீர் போயிருந்தாள், காலடியில் ஈரம். நீல மேல்கோட்டு முன்பக்கம் நனைந்திருந்தது. பக்கத்தில் ஒரு தண்ணீர் பாட்டில், அதில் உறிஞ்சுகுழல். முழுகினவள் வாயில் குழலை வைத்தால் தானாக உறிஞ்சுவாள். இதைத் தெரிந்து வைத்திருந்தவன் அதைச் செய்திருக்கிறான். செடிக்கு ஊற்றுகிற மாதிரி தண்ணீர் ஊற்றி ஓட்டியிருக்கிறான். முதல் ஷிஃப்ட் முடிந்து போனவர்கள் அவளைப் பார்த்திருக்கிறார்கள். ரெண்டாவது ஷிஃப்டில் வந்தவர்களும் பார்த்திருக்கிறார்கள். சார்தான் ஜோடி, அவர்தான் தட்டணும், நாம தொடக் கூடாது என்று ஒதுங்கிப் போயிருக்கிறார்கள். எங்களைக் காப்பாற்ற நாங்களே போட்ட கட்டுப்பாடு அவளைக் கட்டிப்போட்டது. அவர்கள் மேலும் எனக்குக் கோபம்தான். யார் மேல்தான் இல்லை?

நான் தட்டினேன். மூன்று தட்டுக்கு வரவில்லை. பதினேழு தட்டு. வந்ததும் என்னைப் பார்த்து, "பத்து மணி ஆயிடுச்சா அண்ணி?" என்றாள்.

வாட்ச்மேனிடமிருந்து குழந்தையை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து, அவளைக் குளிக்க வைத்தேன். அந்தக் கோட்டைத் துவைக்க எனக்குக் கை வரவில்லை. ஒரு பிளாஸ்டிக் பையில் சுருட்டி அடைத்து பீரோ மேல் எறிந்தேன்.

அன்றைக்கு அவள் மேலே வந்தாள், ஆனால் முழுசாக வரவில்லை. அதன் பிறகு பாட்டில் தேவைப்படவில்லை, எதைப் பார்த்தாலும் முழுகினாள். குழாயில் தண்ணீர் விழுவதைப் பார்த்தால் போதும். பஸ் ஜன்னல், ஓடுகிற மின்விசிறி, எதுவும் போதும். ஒரு நாள் குழாயைத் திறந்துவிட்டு, குழந்தையைத் தொட்டியில் வைத்துக் குளிப்பாட்டும்போது முழுகிவிட்டாள். தண்ணீர் குழந்தையின் தாடைவரை ஏறியிருந்தது. நான் அடுத்த அறையில் இல்லாமல் கடைக்குப் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எழுத எனக்குத் தைரியம் இல்லை. அதற்குப் பிறகு குழந்தையை அவள் கையில் தனியாகக் கொடுப்பதில்லை.

நான் தொழிலாளர் அலுவலகத்தில் புகார் எழுதிக் கொடுத்தேன். கம்பெனி பதில் எழுதியது. அவள் இரண்டு மணிக்கே வேலை முடித்துவிட்டாளாம், வெளியேறிய பதிவில் சூப்பர்வைசர் கையெழுத்து இருக்கிறதாம், பிறகு ஓய்வறையில் அவளாகப் படுத்திருந்தாளாம். முழுகுவது அவள் பிறவிக் குணமாம். வாட்ச்மேன் தனக்குப் போனே வரவில்லை என்றார். அறையில் இருந்தவர்களில் முழுகியிருந்தவர்கள், "எவ்வளவு நேரம்னு தெரியாது" என்றார்கள், அது உண்மை. விழித்திருந்தவர்களும் தெரியாது என்றார்கள், அது வயிற்றுப்பாடு.

எல்லாவற்றையும் தாங்கிக்கொண்டேன். தாங்க முடியாதது ஆந்தைதான். "நான் கொஞ்ச நேரம்தான் உட்கார்ந்தேன் அண்ணி. நீங்க பெருசு பண்றீங்க" என்றாள். அவள் பொய் சொல்லவில்லை. அவளுக்கு அந்தப் பதின்மூன்று மணி நேரம் நடக்கவே இல்லை. இரண்டு மணிக்கே போய்விட்டேன் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால் மறுபடி அதே நாற்காலி தருவதாக வெண்ணெய் வீடு தேடி வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தான். "போட்டுடுறேன் அண்ணி" என்றாள். கண்ணில் ஒரு ஆசை. சாராயக் கடைக்குப் போகத் துடிக்கிறவன் கண்ணில்தான் அதை நான் பார்த்திருக்கிறேன்.

"அந்த நாற்காலியில உட்கார்ந்தா நீ இனிமே வரமாட்டடி" என்றேன்.

"வரலன்னா என்ன அண்ணி? அங்க எதுவும் வலிக்கல."

கையை ஓங்கிவிட்டேன். அடிக்கவில்லை. அடித்திருந்தாலும் அவளுக்கு அது எப்போது நடந்தது என்று தெரிந்திருக்காது.

விசாரணைக்கு இரண்டு நாள் முன்பு கம்பெனியிலிருந்து இன்னொரு கடிதம் வந்தது. சீருடையைத் துவைத்து, மடித்து, வரும்போது கொண்டுவந்து ஒப்படைக்க வேண்டுமாம். படித்ததும் எனக்கு உச்சந்தலை சூடேறிவிட்டது. பீரோ மேலிருந்து பையை இழுத்து, கோட்டை உதறி விரித்தேன். அப்போதுதான் பார்த்தேன். மார்பின் இரண்டு பக்கமும், கரு நீலத் துணியில், காய்ந்து விறைத்த வெள்ளைக் கோடுகள். ஒன்றுக்குள் ஒன்றாக வளையங்கள். பால் சுரந்து நனைத்திருக்கிறது, வெளிச்சப் பலகையின் சூட்டில் காய்ந்திருக்கிறது, மறுபடி சுரந்திருக்கிறது, மறுபடி காய்ந்திருக்கிறது. நான் எண்ணினேன். திரும்ப எண்ணினேன். பிறகு அதைத் துவைக்காமல் அப்படியே பையில் வைத்தேன்.

விசாரணை அறை சின்னது. ஒரு மேசை, அந்தப் பக்கம் அதிகாரி. சளி பிடித்து மூக்கைத் துடைத்துக்கொண்டே எழுதுகிற ஒரு நடுத்தர வயது அம்மாள். இந்தப் பக்கம் நாங்கள் இருவர், என் மடியில் குழந்தை. பக்கவாட்டில் வெண்ணெய், முன்னால் அந்தக் காகிதம், அதன்மேல் மூடி திறந்த பேனா. "எத்தனை மணி வரைக்கும் வேலை பார்த்தீங்க?" என்று அதிகாரி கேட்டார். ஆந்தை, "கொஞ்ச நேரம்தான் மேடம்" என்றாள். வெண்ணெய் தலையை ஆட்டிக்கொண்டான். அவள் பேனாவை எடுத்தாள்.

நான் கோட்டை எடுத்து அந்தக் காகிதத்தின் மேல் விரித்தேன். புளித்த வாடை அடித்தது. அதிகாரி கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டார். "துவைச்சுக் கொண்டாரச் சொல்லியிருந்தோமேம்மா" என்றான் வெண்ணெய்.

"இது உன் கோட்டு. பாரு" என்றேன் ஆந்தையிடம்.

பார்த்தாள். அவள் கண் எப்படிப்பட்ட கண் என்று சொன்னேனே. நூறு பாட்டிலில் ஒரு மயிரிழை விரிசலைப் பிடிக்கிற கண். பேனாவைக் கீழே வைத்துவிட்டு, வெளி வளையத்தில் விரலை வைத்து, மெதுவாக ஒவ்வொன்றாக உள்ளே வந்தாள். முழுகிவிடுவாளோ என்று என் கை அவள் முதுகுப் பக்கம் போயிற்று. அவள் முழுகவில்லை.

"நாலு" என்றாள்.

அதிகாரி எட்டி அந்த வளையங்களைப் பார்த்தார்.

"மூணு மணி நேரத்துக்கு ஒரு தடவைதான் எனக்குச் சுரக்கும்" என்று, கணக்குப் பாடம் சொல்கிற மாதிரி சொன்னாள். பிறகு என் பக்கம் திரும்பினாள். "நாலு தடவையும் அழுதாளா அண்ணி?"

மென்மையாகச் சொல்லியிருக்கலாம். எனக்கு மனம் வரவில்லை. "முதல் ரெண்டுக்கு நீ எடுத்து வெச்ச பால் இருந்துச்சு. மூணாவதுக்கு அழுதா. நாலாவதுக்கு அழல. தொண்டையில சத்தம் இல்ல" என்றேன்.

அவள் முகத்தில் அப்போதுதான் நேரம் வந்து இறங்கியது. பதின்மூன்று மணி நேரமும் ஒன்றாக வந்து இறங்கியது. நான் பார்த்தேன், பார்த்திருக்க வேண்டாம். ஆனாலும் அவள் அழவில்லை. வெண்ணெயிடம் திரும்பி, அவன் பேசுகிற மாதிரியே தணிந்த குரலில் கேட்டாள்.

"சார், எனக்குத் தண்ணியாவது குடுத்தீங்களா?"

"என்னம்மா இப்படிக் கேட்டுட்டீங்க" என்றான் அவன். அதிகாரி பார்க்கிறார், நல்லவனாக இருக்க வேண்டும், அது அவனுக்கு ஊறிப்போனது. "நானும் பிள்ளைகுட்டிக்காரன்தானே? அப்படியே விட்டுடுவேனா? சாயங்காலம்கூட வந்து ரெண்டு தடவை குடுத்தேனே."

அதிகாரி மூக்கைத் துடைப்பதை நிறுத்தினார். "சாயங்காலமா?" என்றார். "ரெண்டு மணிக்கே போயிட்டாங்கன்னு எழுதியிருக்கீங்க."

வெண்ணெய் பேனாவை எடுத்து மூடியைப் போட்டு மூடினான். ஆந்தை கோட்டை மடித்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். கையெழுத்துப் போட வேண்டிய காகிதத்தை ஒற்றை விரலால், பழுதான பாட்டிலைத் தள்ளுகிற மாதிரி, மேசையின் அந்தப் பக்கம் தள்ளினாள்.

நியாயம் கிடைத்ததா என்று கேட்பீர்கள். தப்பு கம்பெனியுடையது என்று எழுதினார்கள், வைத்தியத்துக்கு ஏற்பாடு செய்யச் சொன்னார்கள். கடிகாரம் சுவருக்குத் திரும்பி வந்தது. ஜோடி முறையை அச்சடித்து, 'எமது புதிய பாதுகாப்புத் திட்டம்' என்று வாசலில் ஒட்டினார்கள். அந்தக் கிறுக்கர்களுக்கு வெட்கமே கிடையாது. வெண்ணெயை வேறொரு தொழிற்சாலைக்கு மாற்றினார்கள். அங்கேயும் நாற்காலிகள் இருக்கும், அங்கேயும் யாராவது ஒருத்தி "தட்டிடுவீங்களா சார்?" என்று கேட்பாள்.

ஆந்தை இப்போது ஒரு துணிக்கடையில் வேலை பார்க்கிறாள். நாள் முழுக்க ஆட்களோடு பேச வேண்டிய வேலை, அதனால் முழுகுவது குறைந்திருக்கிறது. போகவில்லை. வீட்டில் சும்மா உட்கார்ந்தால் கண் விரிந்துவிடும், நான் போய்த் தட்டுவேன்.

குழந்தைக்கு ஒன்றரை வயது ஆகிறது. போன வாரம் நான் அடுப்படியில் இருந்தேன். ஆந்தை மின்விசிறியைப் பார்த்தபடி தரையில் உட்கார்ந்திருந்தாள். குழந்தை தத்தித் தத்திப் பின்னால் போய் நின்றது. கையை விரித்து, முதுகில், சரியாக இரண்டு தோள்பட்டைக்கும் நடுவில், மூன்று தட்டுத் தட்டியது. பிறகு எட்டி அம்மா முகத்தைப் பார்த்தது. வரவில்லை என்று தெரிந்ததும், அழாமல், மறுபடி தட்டியது. என் வீட்டுக்காரர் அதைப் பார்த்துச் சிரித்தார், என்ன சமர்த்து பாரு என்றார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒன்றரை வயதில் ஒரு குழந்தை கற்றுக்கொள்ள வேண்டிய விளையாட்டா அது?